புகை எங்கே போயிற்று?

தீபாவளிக்கு மறுநாள் விடியற்காலையில் பெருங்குடியில் ஜன்னலைத் திறந்தால் எதிர்வீடு மங்கலாகத்தான் தெரியும். பள்ளிக்கரணைச் சதுப்பிலிருந்து வரும் ஈரக்காற்றில் முந்தைய இரவின் பட்டாசுப் புகை கரையாமல் நிற்கும். ஓஎம்ஆர் கண்ணாடிக் கட்டடங்களின் கீழ்த்தளங்கள் அதற்குள் அமிழ்ந்திருக்கும். 2022 ஏப்ரலில் குப்பைக் கிடங்கு தீப்பிடித்து நாள்கணக்கில் புகைந்ததைச் சுவாசித்த ஊர் இது. புகையைப் பற்றி எங்களுக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டாம்.

ஆனால் ஒரு சந்தேகம் எனக்கு வெகுநாளாக உண்டு. பிரபலம் ஒருவர் மறைந்தால், ‘குண்டுகள் முழங்க அரசு மரியாதை’ என்று தொலைக்காட்சியில் காட்டுவார்கள். காவலர்கள் வரிசையாக நின்று வானத்தைப் பார்த்துச் சுடுகிறார்கள். சத்தம் பலமாகவே கேட்கிறது. குழல் முனையில் தெரியும் புகையோ மெல்லியது. அடுத்த சுற்றுக்குள் காணாமல் போய்விடுகிறது. கோயில் திருவிழாவில் ஒரே ஒரு அதிர்வேட்டு போட்டால் தெருவே வெள்ளையாகிறது. இரண்டும் வெடிமருந்துதான். ஒன்றில் இத்தனை புகை, இன்னொன்றில் ஏன் இல்லை?

அந்தக் காவலர்கள் கையில் நாம் பல காலம் பார்த்தது ‘த்ரீ நாட் த்ரீ’. குழலின் உள்விட்டம் 0.303 அங்குலம், அதாவது 7.7 மில்லிமீட்டர் என்பதைத்தான் அந்தப் பெயர் சொல்கிறது. முழுப்பெயர் லீ-என்ஃபீல்டு. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பிரிட்டிஷ், இந்தியக் காலாட்படைகளின் முதன்மை ரைபிள் இதுவே. ராணுவம் கழித்துக் கட்டிய பிறகும் போலீஸ் விடவில்லை. உத்தரப் பிரதேசக் காவல்துறை 2020 குடியரசு நாள் அணிவகுப்போடுதான் இதற்கு விடைகொடுத்தது. இந்தத் துப்பாக்கியின் ஒவ்வொரு உறுப்பும் ஏன் அப்படி இருக்கிறது என்று கேட்டுக்கொண்டே போனால், கடைசியில் வந்து நிற்கும் இடம் அந்தக் காணாமல் போன புகைதான்.

முதலில் புகை எங்கிருந்து வருகிறது என்று பார்ப்போம்.

அதிர்வேட்டிலும் வாண ராக்கெட்டிலும் இருப்பது கருமருந்து. பல நூற்றாண்டுகளாக அதன் செய்முறை பெரிதாக மாறவில்லை: நூறு பங்கில் வெடியுப்பு 75, கரி 15, கந்தகம் 10. கரியும் கந்தகமும் எரிபொருள்கள். எரிவதற்குப் பிராணவாயு வேண்டும். அடைத்த குழலுக்குள் காற்று எங்கே இருக்கிறது? அதைத் தருவது வெடியுப்பு. அதன் வேதியியல் பெயர் பொட்டாசியம் நைட்ரேட். சூடானதும் தன்னிடம் உள்ள பிராணவாயுவை விடுகிறது, கரி எரிகிறது, வாயுக்கள் பெருகுகின்றன, குண்டு தள்ளப்படுகிறது.

சிக்கல் அந்தப் பொட்டாசியத்தில் இருக்கிறது. பிராணவாயுவைக் கொண்டுவந்து சேர்ப்பதோடு அதன் வேலை முடிந்தது. ஆனால் அது உலோகம். வாயுவாகிப் பறந்துபோக அதனால் முடியாது. கரியோடும் கந்தகத்தோடும் சேர்ந்து கார்பனேட், சல்பேட், சல்பைடு என்று உப்புகளாக மாறுகிறது. வெடிக்கும் கணத்தின் வெப்பத்தில் உருகிக் கிடக்கும் இந்த உப்புகள், குழலை விட்டு வெளியே வந்து குளிர்ந்ததும் நுண்ணிய தூளாகக் காற்றில் மிதக்கின்றன. அந்த வெண்புகை இதுதான். சரியாக எரியாததால் வந்த புகை என்று நினைக்க வேண்டாம். மிகச் சரியாக எரிந்தாலும் கருமருந்து இப்படித்தான் புகையும்.

இது எவ்வளவு என்று எப்படித் தெரியும்? வெடித்துச் சிதறிய பொருளை யார் எடை போட்டது? ஆண்ட்ரூ நோபிள், ஃபிரெடரிக் ஏபெல் என்ற இருவர் போட்டார்கள். பருத்த எஃகுக் கலத்துக்குள் கருமருந்தை வைத்து, இறுக மூடி, மின்சாரத்தால் பற்றவைத்தார்கள். கலம் வெடிக்காமல் தாங்கியது. ஆறிய பின் வாயுவைத் தனியாக வெளியே எடுத்து அளந்தார்கள். அடியில் படிந்திருந்த கட்டியைச் சுரண்டி எடுத்து நிறுத்தார்கள். 1875இல் வெளியான அவர்களுடைய முடிவு இது: நூறு கிராம் கருமருந்தில் வாயுவாவது ஏறத்தாழ 43 கிராம்தான். மிச்சம் 57 கிராம் திடப்பொருள். குண்டைத் தள்ள உதவுவது பாதிக்கும் குறைவு! மற்றதெல்லாம் குழலுக்குள் கரியாகப் படியும், இல்லையேல் சுட்டவனின் கண்ணை மறைக்கும்.

இதே நோபிள் குழலுக்குள் இருக்கும் அழுத்தத்தையும் அளந்தார். குழலின் பக்கத்தில் ஒரு துளை, அதில் ஒரு சிறு பிஸ்டன், அதற்குப் பின்னால் ஒரு செம்பு உருளை. வெடிக்கும்போது பிஸ்டன் செம்பை நசுக்கும். எத்தனை நசுங்கியிருக்கிறது என்று பார்த்து, அதே அளவு செம்பை நசுக்க எத்தனை எடை தேவை என்று ஒப்பிட்டால் அழுத்தம் தெரிந்துவிடும். கண்ணிமைக்கும் நேரத்தில் நடந்து முடிவதைச் செம்பில் பதியவைத்து, பிறகு நிதானமாகப் படிப்பது. இந்த மாதிரி எளிய கருவிகளைப் பார்க்கும்போது எனக்குப் பெரிய கண்டுபிடிப்புகளைவிட இவற்றின் மீதே மரியாதை வருகிறது.

புகை வேண்டாம் என்றால் பொட்டாசியம் வேண்டாம். எரிபொருளும் பிராணவாயுவும் ஒரே மூலக்கூறுக்குள்ளேயே இருக்க வேண்டும். அதில் உலோகம் இருக்கக் கூடாது. அப்படி ஒரு பொருள் 1846இலேயே கிடைத்துவிட்டது. பாசல் நகரத்துப் பேராசிரியர் ஷோன்பைன் பஞ்சை நைட்ரிக் அமிலமும் கந்தக அமிலமும் கலந்த கலவையில் நனைத்து, கழுவி, உலர்த்தினார். பார்ப்பதற்குப் பஞ்சு பஞ்சாகவே இருந்தது. நெருப்பைக் காட்டியதும் சாம்பல்கூட மிஞ்சாமல் மறைந்தது. இதை வெடிபஞ்சு என்பார்கள். அதில் இருப்பவை கரிமம், ஹைட்ரஜன், நைட்ரஜன், பிராணவாயு மட்டுமே. எரிந்தால் கரியமில வாயு, கார்பன் மோனாக்சைடு, நீராவி, நைட்ரஜன். எல்லாமே வாயு, புகையாக மிதக்க உப்பே இல்லை.

பிறகு ஏன் நாற்பது ஆண்டுகள் காத்திருக்க வேண்டியிருந்தது? ஒரு காரணம், இழைக்குள் சிக்கிக்கொண்ட அமிலத் துளிகள். அவை மெல்ல மெல்லப் பஞ்சைச் சிதைத்துச் சூடாக்கின. கிடங்கில் சும்மா கிடந்தது தானாகவே வெடித்தது. 1847இல் இங்கிலாந்தின் ஃபேவர்ஷாம் ஆலை அழிந்தது, பலர் இறந்தார்கள். மேலே சொன்ன ஏபெல் இதற்கு வழி கண்டார்: காகிதக்கூழ் போலப் பஞ்சை நைய அரைத்துவிட்டால், கழுவும்போது அமிலம் ஒளிந்துகொள்ள இடமிருக்காது.

மற்றொன்று இன்னும் நுட்பமானது. பஞ்சு என்றால் இழைகளுக்கிடையில் கோடிக்கணக்கான இடைவெளிகள். ஒரு முனையில் பற்றியதும் சூடான வாயு அந்த இடைவெளிகளில் பாய்ந்து எல்லா இழைகளையும் ஒரே சமயத்தில் பற்றவைக்கிறது. குண்டு நகரத் தொடங்குவதற்குள் அத்தனை வாயுவும் உண்டாகிவிட்டால் குழல் பிளந்துவிடும். துப்பாக்கிக்கு வேண்டியது வெடிப்பது அல்ல, வேகமாக எரிவது. குண்டு குழலைக் கடக்கும் ஒன்றிரண்டு மில்லிநொடிகள் முழுவதும் வாயு பின்னாலிருந்து தள்ளிக்கொண்டே இருக்க வேண்டும்.

பிரான்சின் பால் வியேல் 1884இல் இந்தப் பூட்டைத் திறந்தார். வெடிபஞ்சை ஈதரும் சாராயமும் கலந்த திரவத்தில் கரையவிட்டுப் பசையாக்கி, தகடாகத் தட்டி, காயவைத்து, சின்னச் சின்னத் துண்டுகளாக நறுக்கினார். இப்போது இடைவெளியே கிடையாது. நெருப்பு உள்ளே புகுந்து ஓட வழியில்லை. மேற்பரப்பில் பற்றி, ஏடு ஏடாக உள்நோக்கித்தான் எரிய முடியும். எரியும் வேகத்தை இனி வேதியியலைவிட வடிவமே தீர்மானிக்கும். மெல்லிய துண்டு சீக்கிரம் தீரும், தடித்தது நேரமெடுக்கும். 1886இல் பிரெஞ்சுப் படை இந்த மருந்தால் சுடும் லெபெல் ரைபிளை எடுத்துக்கொண்டது. ஐரோப்பாவின் மற்றப் படைகள் வைத்திருந்த துப்பாக்கிகள் அத்தனையும் அன்றைக்கே கிழடாகிப் போயின.

பிரிட்டன் விடுமா? 1889இல் அதே ஏபெலும் ஜேம்ஸ் டுவாரும் சேர்ந்து ‘கார்டைட்’ செய்தார்கள். டுவார் யாரென்றால், நம் வீட்டில் காப்பி ஊற்றி வைக்கும் பிளாஸ்க்கைப் பின்னாளில் கண்டுபிடித்தவர். வெடிபஞ்சோடு நைட்ரோகிளிசரின் என்ற எண்ணெயைச் சேர்த்து, அசிட்டோன் ஊற்றி மாவு மாதிரிப் பிசைந்து, துளையிட்ட அச்சில் வைத்து அழுத்தினார்கள். இடியாப்பம் பிழிவதேதான். வெளியே வந்த இழையை உலர்த்தினால் அசிட்டோன் பறந்துவிடும். விறைத்த, தேன்நிறச் சேமியா மிஞ்சும். தொடக்ககால த்ரீ நாட் த்ரீ தோட்டா ஒன்றுக்குள் இப்படி ஏறக்குறைய அறுபது இழை ஒரு கட்டாக நின்றது. தோட்டாவின் கழுத்து குறுகலாதலால், கட்டை முதலில் செருகிவிட்டுப் பிறகுதான் பித்தளையின் கழுத்தை நெருக்கினார்கள்.

இழையாகப் பிழிந்ததில் ஒரு குறை இருந்தது. எரிய எரிய இழை மெலியும், மேற்பரப்பு குறையும், கடைசியில் வாயு வரத்தும் குறையும். குண்டோ போகப் போக வேகமெடுக்கிறது. பின்னால் இடம் கூடிக்கொண்டே போகிறது. இதற்கு அச்சின் நடுவில் ஓர் ஊசியை வைத்து இழையைக் குழாயாகப் பிழிந்தார்கள். வெளிப்புறம் எரிந்து சுருங்கும் அளவுக்கு உட்புறத் துளை எரிந்து விரியும். கூட்டிப் பார்த்தால் மேற்பரப்பு ஏறக்குறைய மாறாமலே இருக்கும். சமையலறைச் சாமான் ஒன்றைச் சற்றே மாற்றித் தீர்த்த கணக்கு!

கார்டைட்டில் நூற்றுக்கு ஐந்து பங்கு வாசலின் இருந்தது என்றால் நம்புவீர்களா? கைகால் வெடிப்புக்குப் பூசும் அதே வாசலின் வகைதான். குழலுக்கு வழுவழுப்புத் தரும் என்று சேர்த்தார்கள். வழுவழுப்பெல்லாம் ஒன்றும் தரவில்லை; சுடும் வெப்பத்தில் அதுவும் எரிந்துபோனது. ஆனால் மருந்து நாள்பட்டுச் சிதையும்போது உண்டாகும் நைட்ரஜன் ஆக்சைடுகளை அது பிடித்து வைத்துக்கொண்டது, அதனால் கார்டைட்டின் ஆயுள் நீண்டது. ஒன்றுக்காகச் சேர்த்தது இன்னொன்றுக்கு உதவியதை அவர்கள் பின்னால்தான் புரிந்துகொண்டார்கள்.

இந்த ஆயுள் விஷயம் இந்தியாவில் சாதாரணமானதல்ல. நைட்ரோ மருந்துகள் உயிருள்ளவை போல மூப்படைகின்றன, வெயிலில் வேகமாக. இதைச் சோதிக்க ஏபெல் பெயரிலேயே ஒரு சோதனை உண்டு. மருந்தை ஒரு குழாயில் போட்டு இதமாகச் சூடாக்கி, மேலே பொட்டாசியம் அயோடைடும் மாவுப்பொருளும் தடவிய காகிதத்தைத் தொங்கவிடுவார்கள். மருந்து சிதைந்து வெளிவரும் ஆவி பட்டால் காகிதம் நிறம் மாறும். எத்தனை நிமிடத்தில் மாறுகிறது என்பதே மருந்தின் ஆரோக்கியம். தோட்டாவை எப்படி வைத்திருந்தோம் என்பது சுடும்போதுதான் தெரியும்: 2019 ஆகஸ்டில் பீகார் முன்னாள் முதல்வர் ஜெகந்நாத் மிஸ்ராவின் இறுதிச் சடங்கில் மரியாதைக்காக நீட்டிய 22 துப்பாக்கிகளில் ஒன்றுகூட வெடிக்கவில்லை.

கார்டைட்டை இந்தியாவிலேயே செய்வது என்று முடிவானபோது தேர்ந்தெடுத்த இடம் நீலகிரி. குன்னூருக்கும் ஊட்டிக்கும் இடையில், கடல்மட்டத்திலிருந்து ஏறத்தாழ 1,800 மீட்டர் உயரத்தில் அருவங்காடு. 1903-04இல் அங்கே ஆலை எழுந்தது. ஊட்டி மலை ரயிலில் போகிறவர்கள் அருவங்காடு நிலையத்தைத் தாண்டித்தான் போகிறார்கள். பெரும்பாலோர் அப்போது கேத்திப் பள்ளத்தாக்குக்காகக் கேமராவைத் தயார்செய்துகொண்டிருப்பார்கள். அந்த ரயில் பாதையே ஆலைக்குப் பிறகு, 1908இல்தான் ஊட்டிவரை போயிற்று.

மலை ஏன்? கிளிசரினை அமிலத்தில் விட்டு நைட்ரோகிளிசரின் ஆக்கும்போது கலவை தானாகச் சூடேறும். சுமார் 22 டிகிரியைத் தாண்டவிட்டால் ஆபத்து. சுற்றிலும் குளிர்ந்த நீர் ஓடிக்கொண்டே இருக்க வேண்டும். சென்னையில் குழாயைத் திறந்தால் மார்கழியில்கூட அந்தக் குளிர்ச்சி கிடைக்காது. எதிர்ப்பக்கமும் ஒரு வரம்பு உண்டு: சுமார் 13 டிகிரியில் நைட்ரோகிளிசரின் உறைந்துவிடும். உறைந்ததை மறுபடி உருக்குவது பல உயிர்களைக் குடித்த வேலை. அதிகம் சூடில்லாத, அதிகம் குளிராத காற்று, பக்கத்தில் அருவி, பிழிந்த இழையை அவசரமின்றி உலர்த்தும் வானிலை என எல்லாம் நீலகிரியில் கூடின. ஆலைக்கு மின்சாரம் தர அருகிலுள்ள காட்டேரி அருவியில் நீர்மின் நிலையம் அமைத்தார்கள். தமிழ்நாட்டின் ஆதி நீர்மின் நிலையங்களில் அது ஒன்று. நம் மாநிலத்தில் மின்விளக்கின் கதையைத் தோண்டினால் அடியில் வெடிமருந்து கிடக்கிறது.

துப்பாக்கி வங்காளத்தில் தயாரானது. கல்கத்தாவுக்கு வடக்கே ஈசாப்பூரில் கிழக்கிந்தியக் கம்பெனி 1787இல் தொடங்கிய ஆலை கருமருந்து செய்துகொண்டிருந்தது. 1904இல் அதே இடம் ரைபிள் ஆலையாக மாறியது. பழைய மருந்து போய்ப் புதிய மருந்து வந்ததை ஒரே முகவரியில் இதைவிடத் தெளிவாகக் காட்ட முடியாது.

சரி, புகை போனதால் துப்பாக்கியில் என்னென்ன மாறின?

குழல் மெலிந்தது. கருமருந்துக் காலத்து மார்ட்டினி-ஹென்றி ரைபிளின் குழல் 0.45 அங்குலம். அதைவிடக் குறுகலாக்கினால் சில சுற்றுகளிலேயே கரி அடைத்துக்கொள்ளும். புதிய மருந்தில் கரி இல்லை. துளையைச் சிறிதாக்கலாம், குண்டை இலேசாக்கலாம். மார்ட்டினியின் குண்டு 31 கிராம், வேகம் நொடிக்கு ஏறத்தாழ 400 மீட்டர். 1910இல் வந்த ஏழாம் வகைத் த்ரீ நாட் த்ரீ குண்டு 11.3 கிராம், வேகம் 744 மீட்டர். தோட்டாவின் மொத்த எடை ஏறக்குறைய பாதியானதால் சிப்பாய் அதே சுமையில் இரண்டு மடங்கு தோட்டா சுமந்தான்.

குண்டு சட்டை போட்டுக்கொண்டது. இத்தனை வேகத்தில் வெறும் ஈயம், குழலின் உட்சுவரில் திருகலாக வெட்டிய புரிகளைப் பற்றிக்கொண்டு சுழலாமல் வழித்துக்கொண்டு போய்விடும். அதனால் மேலே செம்பும் நிக்கலும் கலந்த உறை. இந்தப் புரிகளும் தப்பவில்லை. வில்லியம் மெட்ஃபோர்டு வடிவமைத்த ஆழமற்ற, வளைவான புரிகள் கருமருந்துக்கு அருமையாக ஒத்துப்போயின. கார்டைட்டின் சூட்டில் சீக்கிரமே தேய்ந்தன. என்ஃபீல்டு ஆலை ஐந்து ஆழமான, கூரான புரிகளை வெட்டியது. 1888இன் லீ-மெட்ஃபோர்டு 1895இல் லீ-என்ஃபீல்டு ஆனதன் காரணம் அவ்வளவுதான். ஜேம்ஸ் பாரிஸ் லீயின் பூட்டும் பத்துத் தோட்டாப் பெட்டியும் அப்படியே இருக்க, தேய்ந்த புரியின் பெயர் மட்டும் உதிர்ந்தது.

புரி எதற்கு என்று கேட்டவர்களில் முக்கியமானவர் ஒருவர் நம் கடலூரில் இறந்தார். பெஞ்சமின் ராபின்ஸ். குண்டின் வேகத்தை முதன்முதலில் நம்பத்தகுந்த முறையில் அளந்தவர். 1742இல் அவர் விவரித்த கருவி ஓர் ஊசல்: கனத்த இரும்புத் தகட்டில் மரப்பலகையைப் பொருத்தித் தொங்கவிட வேண்டும். குண்டு பலகையில் பாய்ந்து சிக்கியதும் ஊசல் பின்னால் ஆடும். அடியில் கட்டிய ரிப்பன் எத்தனை தூரம் இழுபட்டது என்று பார்த்தால் ஆட்டத்தின் அளவு தெரியும். ஊசலின் எடை தெரியும், குண்டின் எடை தெரியும். வேகத்தைக் கணக்குப் போட்டுவிடலாம். கண்ணுக்கே தெரியாத வேகத்தை, கண்ணால் அளக்கக்கூடிய மெதுவான ஆட்டமாக மாற்றிவிட்டார்.

ஊசலைத் துப்பாக்கிக்குப் பக்கத்திலும் தூரத்திலும் வைத்து அளந்தபோது அவருக்கே வியப்பு. கொஞ்ச தூரத்திலேயே குண்டு கணிசமாக வேகம் இழந்திருந்தது. காற்று தரும் தடை புறக்கணிக்கத்தக்கது என்று அதுவரை நினைத்திருந்தார்கள். அதுவோ குண்டின் எடையைப் போலப் பல மடங்காக இருந்தது. பெரும் கணிதர் ஆய்லர் இவருடைய நூலை ஜெர்மனில் மொழிபெயர்த்தார். உருண்டைக் குண்டு ஏன் வழிமாறுகிறது, புரி வெட்டிய குழல் ஏன் அதைத் திருத்துகிறது என்பதையும் ராபின்ஸ் ஆராய்ந்தார். புரித்துப்பாக்கியை முதலில் கைவசப்படுத்தும் நாடு மற்றவற்றை மிஞ்சும் என்றும் சொன்னார். பிரெஞ்சுக்காரர்கள் சென்னையைத் திருப்பிக் கொடுத்த பிறகு, கோட்டைகளைச் சீர்செய்யக் கம்பெனி அவரை 1750இல் இங்கே வரவழைத்தது. மறு ஆண்டே, 1751 ஜூலையில், கடலூர் புனித டேவிட் கோட்டையில் காய்ச்சலில் போய்ச் சேர்ந்தார். தேவனாம்பட்டினத்துக் கடற்கரைக்குப் போகிறவர்கள் அந்தக் கோட்டையின் மிச்சத்தைப் பார்க்கலாம்.

அவர் அளந்த காற்றுத் தடைதான் நூற்றைம்பது ஆண்டுகளுக்குப் பின் குண்டைக் கூராக்கியது. ஜெர்மானியர் 1905இல் ஊசிமுனைக் குண்டுக்கு மாறினார்கள்; பிரிட்டனின் ஏழாம் வகை 1910இல். நீண்ட குண்டைச் சுழற்றாமல் விட்டால் கரணம் அடித்துக்கொண்டு போகும். சுழலும் பொருள் தன் அச்சின் திசையை எளிதில் விடாது. என்ஃபீல்டின் புரி பத்து அங்குலத்துக்கு ஒரு சுற்று, இடப்பக்கமாக. 744 மீட்டர் வேகத்தில் வெளியேறும் குண்டு நொடிக்கு ஏறக்குறைய மூவாயிரம் முறை சுழல்கிறது.

வேகமும் உறையும் கூடி வேறொரு விவகாரத்தையும் கிளப்பின. உறையிட்ட குண்டு உடலைத் துளைத்துக்கொண்டு நேராகப் போய்விடுகிறது, அடிபட்டவன் விழாமல் ஓடிவருகிறான் என்று வடமேற்கு எல்லையில் நடந்த 1895 சித்ரால் சண்டைக்குப் பிறகு பிரிட்டிஷ் அதிகாரிகள் குறைசொன்னார்கள். கல்கத்தாவை ஒட்டிய டம்டம் ஆயுத ஆலையில் கேப்டன் பெர்ட்டி-கிளே குண்டின் நுனியில் உறையை எடுத்துவிட்டு ஈயத்தை வெளியே தெரியவிட்டார். பட்டதும் நுனி காளான் போல விரிந்து சதையைக் கிழித்தது. 1899 ஹேக் மாநாடு இத்தகைய குண்டுகளைத் தடைசெய்தது. விமான நிலையத்தால் அறியப்பட வேண்டிய ஓர் ஊரின் பெயர் உலக அகராதிகளில் இப்படித்தான் ஏறியது. பிரிட்டன் தடைக்கு உடன்பட்டபின் வந்த ஏழாம் வகைக் குண்டு விரியாது. ஆனால் அதன் நுனியில் இலேசான அலுமினியம், பின்பாதியில் ஈயம். பின்பாரம் என்பதால் உடலில் புகுந்ததும் புரண்டுவிடும். சட்டத்தின் எழுத்துக்குக் கட்டுப்பட்டு அதன் நோக்கத்தை மீறும் கலை பழையதுதான்.

புகை போனதன் விளைவு துப்பாக்கியோடு நிற்கவில்லை. 1899 டிசம்பரில் தென்னாப்பிரிக்காவின் கொலென்சோவில் பிரிட்டிஷ் படை ஆற்றை நோக்கி நடந்தது. எதிர்க்கரையில் பதுங்குகுழிகளில் டச்சு வழிவந்த குடியேறிகளான போயர்கள், கையில் ஜெர்மன் மவுசர் ரைபிள். குண்டு வருகிறது, ஆள் விழுகிறான், எங்கிருந்து என்று தெரியவில்லை. பழைய போரில் எதிரி சுட்டதும் புகை எழுந்து அவன் இடத்தைச் சொல்லிவிடும். இப்போது சொல்வதற்கு ஆளில்லை. அங்கே விழுந்தவர்களைத் தூக்கிச் சுமந்தவர்களில் காந்தி திரட்டிய இந்திய ஆம்புலன்ஸ் படையினரும் உண்டு. ஏறத்தாழ 1,100 பேர். பெரும்பாலோர் நேட்டால் தோட்டங்களின் ஒப்பந்தக் கூலிகள்.

அதே போரில் முற்றுகையிடப்பட்ட லேடிஸ்மித் நகரில் பிரபு சிங் என்ற இன்னொரு ஒப்பந்தக் கூலி மரத்தின் மேல் உட்கார்ந்திருந்தார். மலைமேல் இருந்த போயர்களின் பெரிய பீரங்கி இன்னும் கருமருந்தில்தான் சுட்டது. அங்கே பளிச்சென்று புகை கிளம்பியதும் இவர் மணியடிப்பார். குண்டு வந்து விழுவதற்குள் ஊரார் பதுங்கிக்கொள்வார்கள். ஒளி குண்டை முந்திக்கொண்டு வரும் என்ற பௌதிகத்தை நம்பி அத்தனை பேர் உயிர் பிழைத்தார்கள். புகையற்ற ரைபிளுக்கு எதிராக அந்த மணியை அடித்திருக்க முடியாது.

ரைபிள் காட்டிக்கொடுப்பது காதுக்கு மட்டும்தான், அதுவும் குழப்பியபடி. குண்டு ஒலியை முந்திச் செல்வதால் அதன் அதிர்வலை சாட்டையடி போல ‘பட்’டென்று தலைக்கு மேல் கேட்கும். பிறகுதான் துப்பாக்கியின் ‘தொம்’ வந்து சேரும். முதல் சத்தம் குண்டு போன பாதையைச் சொல்கிறது, சுட்டவன் இருக்கும் இடத்தை அல்ல. இரண்டுக்கும் நடுவில் எத்தனை நேரம் என்று எண்ணி, சுட்டவன் எத்தனை தூரத்தில் இருக்கிறான் என்று கணிக்கச் சிப்பாய்களுக்குப் பயிற்சி தந்தார்கள்.

இவ்வளவும் படித்தபின், புகையற்ற மருந்து வைத்திருப்பவனே ஜெயிப்பான் என்று தோன்றும். முதல் உலகப் போரில், 1914 நவம்பரில், அதைச் சோதித்துப் பார்க்க வரலாறு ஓர் ஏற்பாடு செய்தது. கிழக்கு ஆப்பிரிக்காவின் டாங்கா துறைமுகத்தில், இன்றைய தான்சானியாவில், இந்தியாவிலிருந்து சென்ற ஏறத்தாழ 8,000 பேர் கொண்ட படை இறங்கியது. அதில் நம் 63வது பாளையங்கோட்டை இலகு காலாட்படையும் இருந்தது. எதிரே ஜெர்மன் தளபதி லெட்டோவ்-ஃபோர்பெக் தலைமையில் சுமார் ஆயிரம் பேர். அவருடைய ஆப்பிரிக்கச் சிப்பாய்களில் பலர் கையில் 1871 மாதிரி மவுசர்: கருமருந்து, ஒவ்வொரு வேட்டுக்கும் வெண்புகை. பரிசோதனைக்கூடத்தில்கூட இத்தனை சுத்தமான ஒப்பீடு அமையாது.

புகைவிட்டவர்கள் ஜெயித்தார்கள். தாக்கப் போகிறோம் என்று பிரிட்டிஷ் கப்பல் முன்கூட்டியே நகருக்குத் தெரிவித்துவிட்டது. எதிரிக்கு ரயிலில் ஆள் கொண்டுவர அவகாசம் கிடைத்தது. தளபதி எய்ட்கன் வேவு பார்க்கவில்லை. நீண்ட கடல் பயணத்தில் துவண்டிருந்தவர்களைச் சதுப்பில் இறக்கித் தோப்புகளுக்குள் நடக்கவிட்டார். எட்டு மடங்கு ஆள்பலம் இருந்தும், அடர்ந்த தோப்புக்குள் புகையைப் பார்த்துக் குறிவைக்கும் நிதானம் யாருக்கு இருந்தது? போதாததற்குக் குண்டுகள் பட்ட மரங்களிலிருந்து தேனீக்கள் வேறு கிளம்பி வந்தன. பாளையங்கோட்டைப் படை நிலைகுலைந்து ஓடியது. மதராஸ் சிப்பாய் சண்டைக்கு லாயக்கில்லை என்று ஏற்கெனவே முணுமுணுத்தவர்களுக்கு அது வசதியாகப் போயிற்று. திட்டம் போட்டவர்களின் பிழையை ஓடியவர்களின் கணக்கில் எழுதினார்கள் என்றே எனக்குப் படுகிறது. பிரிட்டிஷ் தரப்பில் இழப்பு 817 பேர்.

அவசரமாகக் கப்பலேறியவர்கள் கரையில் விட்டுப்போனவற்றை ஜெர்மானியர் எண்ணிப் பார்த்தார்கள்: 455 ரைபிள், 16 எந்திரத் துப்பாக்கி, ஆறு லட்சம் தோட்டா. லெட்டோவ்-ஃபோர்பெக் தன் மூன்று கம்பெனிகளின் பழைய மவுசர்களை வாங்கி வைத்துவிட்டு, அந்த ரைபிள்களைக் கொடுத்தார். போர் முடிந்த 1918 நவம்பர் வரை அவர் பிடிபடவில்லை.